2,451 மரங்களுக்கு யார் விலை கொடுத்தது? கௌரா தேவியின் கதை

2018 மார்ச் 26. அன்று காலை கூகுளைத் திறந்தவர்களுக்கு முகப்பில் ஓர் ஓவியம் தெரிந்தது. ஒரு மரத்தைச் சுற்றிப் பெண்கள் கைகோத்து நிற்கிறார்கள். சிப்கோ இயக்கத்தின் 45-வது ஆண்டு நினைவாக வந்த ஓவியம் அது. நம்மில் பலருக்கும் சிப்கோ என்றால் அவ்ளோதான் தெரியும். பள்ளிப் பாடத்தில் அரைப் பக்கம், மரத்தைக் கட்டிப்பிடிக்கும் பெண்கள், பரீட்சைக்கு இரண்டு மார்க்.

அந்தத் தேதிக்குப் பின்னால் ஒரு பெண் இருக்கிறார். பெயர் கௌரா தேவி. பள்ளிக்கூடம் போகாதவர், 22 வயதில் கணவரை இழந்தவர். இமயமலையில் ஒரு சின்ன ஊரின் பெண்கள் குழுவுக்குத் தலைவி. மர வியாபாரம் ஒரு மலையையும் அங்கே வாழும் மனிதர்களையும் என்ன செய்யும் என்பதைப் புரிந்துகொள்ள அவருடைய வாழ்க்கையை விடத் தெளிவான உதாரணம் கிடைப்பது கஷ்டம். அதே சமயம், மரங்களைக் காப்பாற்றிய பிறகு அந்த ஊருக்கு என்ன ஆனது என்பதையும் சேர்த்துப் பார்க்கணும். பாடப் புத்தகம் சொல்லாமல் விட்ட பகுதி அதுதான்.

யார் இந்த கௌரா தேவி?

இன்றைய உத்தராகண்ட் மாநிலத்தின் சமோலி மாவட்டத்தில், திபெத் எல்லையை நோக்கிப் போகும் நீத்தி பள்ளத்தாக்கில் இருக்கிறது லாதா கிராமம். 1925-ல் அங்கே பிறந்தார் கௌரா. போட்டியா பழங்குடிச் சமூகம். இவர்களுடைய பிழைப்பே நடைதான். கோடையில் ஆடுகளோடு மேலே ஏறுவார்கள், பனிக்காலத்தில் கீழே இறங்குவார்கள். மலைக் கணவாய்களைக் கடந்து திபெத்துக்குத் தானியம் கொண்டுபோவார்கள். அங்கிருந்து கம்பளியும் உப்பும் கொண்டுவருவார்கள்.

12 வயதில் பக்கத்து ஊரான ரேணிக்குக் கல்யாணமாகிப் போனார். 22 வயதில் கணவர் இறந்துவிட்டார். கையில் ஒரு சின்னப் பையன், வீட்டில் வயதான மாமனார் மாமியார். நிலம், ஆடுமாடு, கம்பளி வேலை எல்லாமே இவர் தலையில் விழுந்தது. பையனை வளர்த்து, குடும்பத்தின் வியாபாரத்தை அவரிடம் ஒப்படைத்தார்.

பிறகு 1962 வந்தது. இந்திய–சீனப் போரோடு திபெத் எல்லை மூடப்பட்டது. பல தலைமுறைகளாக நடந்த வியாபாரம் ஒரே வருடத்தில் நின்றுபோனது. ரேணி, லாதா மாதிரியான ஊர்களுக்கு மிச்சம் இருந்தது இரண்டே இரண்டு: மலைச்சரிவில் கொஞ்சம் நிலம், ஊருக்கு மேலே இருந்த காடு.

காடு என்றால் அங்கே என்ன அர்த்தம்? அடுப்புக்கு விறகு, மாட்டுக்குத் தழை, நிலத்துக்குச் சருகு உரம், காய்ச்சலுக்கு மூலிகை, சமையலுக்குக் காளான். மாதச் சம்பளம் வாங்காத ஒரு குடும்பத்துக்கு ரேஷன் கடை, கேஸ் சிலிண்டர், மருந்துக் கடை எல்லாமே அந்தக் காடுதான். அதில் போய் வேலை பார்ப்பவர்கள் பெரும்பாலும் பெண்கள். கீழே சமவெளி நகரங்களுக்கு வேலை தேடிப் போன ஆண்கள் அனுப்பும் பணத்தில்தான் பல வீடுகள் ஓடின. அந்த மலைப் பகுதியின் பொருளாதாரத்துக்கு ‘மணியார்டர் பொருளாதாரம்’ என்றே ஒரு பெயர் உண்டு.

காட்டுக்கு எப்போது விலை வந்தது?

இமயமலை மரங்கள் பெரிய அளவில் விற்பனைக்கு வந்தது ரயிலோடுதான். 1850-களில் பிரெடரிக் வில்சன் என்ற ஆங்கிலேயர் டெஹ்ரி மன்னரிடமிருந்து பாகீரதி பள்ளத்தாக்குக் காடுகளைக் குத்தகைக்கு எடுத்தார். தேவதாரு மரங்களை வெட்டி ஆற்றில் மிதக்கவிட்டுச் சமவெளிக்கு அனுப்பினார். தண்டவாளத்துக்கு அடியில் போடும் ஸ்லீப்பர் கட்டைகளுக்கு அப்போது தாங்கமுடியாத கிராக்கி. கட்டைகள் மழையிலும் வெயிலிலும் உளுத்துப்போகும், மாற்றிக்கொண்டே இருக்க வேண்டும். அதனால் ஒருமுறை வெட்டியதோடு தேவை முடிந்துவிடாது.

1864-ல் வனத்துறை வந்தது. 1878 வனச் சட்டம், காட்டை அரசு தன் சொத்தாக எடுத்துக்கொள்ள வழிசெய்தது. அதுவரை காட்டுக்குள் உரிமையோடு போய்வந்த மலைவாசிகள், அதற்குப் பிறகு சலுகை கேட்டு நிற்க வேண்டியவர்கள் ஆனார்கள். 1947-ல் சுதந்திரம் வந்தது, ஆனால் இந்த ஏற்பாடு அப்படியே தொடர்ந்தது.

ஆனாலும் ரேணி மாதிரியான உள்ளடங்கிய ஊர்களின் காடுகள் ரொம்ப நாள் தப்பித்துக்கொண்டிருந்தன. காரணம் சிம்பிள்: சாலை இல்லை. லாரி போக முடியாத இடத்தில் மரம் வெட்டி லாபம் பார்க்க முடியாது. 1962 போருக்குப் பிறகு ராணுவத் தேவைக்காக எல்லைவரை சாலைகள் போட்டார்கள். ஜோஷிமட்டிலிருந்து நீத்தி பள்ளத்தாக்குக்குள் போகும் சாலை ரேணி வழியாகவே போனது. ராணுவ வண்டிகளுக்குப் பின்னாலேயே ஒப்பந்தக்காரர்களின் லாரிகளும் வந்தன.

இந்த இடத்தைக் கவனிக்கணும். வியாபாரத்துக்கான எல்லையை மூடிய அதே போர்தான் காட்டுக்கான கதவைத் திறந்துவிட்டது. ரேணி மக்கள் காட்டை மட்டுமே நம்பி வாழும் நிலைக்கு வந்த அதே காலத்தில், அந்தக் காடு சந்தைக்கும் வந்துவிட்டது.

வியாபாரம் எப்படி நடந்தது?

வனத்துறை, காட்டின் ஒரு பகுதியில் வெட்ட வேண்டிய மரங்களுக்கு அடையாளம் போடும். நகரத்தில் ஏலம் நடக்கும். சமவெளியிலிருந்து வரும் ஒப்பந்தக்காரர் ஏலம் எடுப்பார். மரம் வெட்டும் ஆட்களையும் அவரே வெளியிலிருந்து கூட்டிவருவார், பெரும்பாலும் இமாச்சலம் அல்லது நேபாளத்து ஏழைத் தொழிலாளர்கள். உள்ளூர்க்காரர்களுக்குக் கிடைத்தது அதிகபட்சம் சுமை தூக்கும் கூலி.

ஏலப் பணம் அரசுக்குப் போகும், லாபம் ஒப்பந்தக்காரருக்கு, பலகை நகரத்துக்கு. மலைச்சரிவு மட்டும் அங்கேயே மொட்டையாக நிற்கும். அதற்குக் கீழே ஊர் இருக்கும்.

1970 ஜூலை 20: மலை கீழே வந்த இரவு

அந்த மழைக்காலத்தில் அலக்நந்தா ஆற்றில் வந்த வெள்ளம் அந்தப் பகுதியின் நினைவிலிருந்து இன்றுவரை போகவில்லை. பாலங்கள், பேருந்துகள், வீடுகள், விளைந்து நின்ற வயல்கள் எல்லாம் அடித்துச் செல்லப்பட்டன. பேலாகூச்சி என்ற ஊரே இல்லாமல் போனது. நூற்றுக்கணக்கான கிலோமீட்டர் தள்ளி, கீழே ஹரித்வாரில் கங்கைக் கால்வாயில் வண்டல் அடைத்து, பாசனம் நின்றுபோனது.

நிவாரண வேலைக்குப் போனவர்களில் சண்டி பிரசாத் பட்டும் அவருடைய நண்பர்களும் இருந்தார்கள். 1964-ல் கோபேஷ்வரில் தசோலி கிராம சுயராஜ்ய சங்கத்தைத் தொடங்கிய காந்தியவாதி இவர். ஊர் ஊராகப் போனவர்களுக்கு ஒரு விஷயம் திரும்பத் திரும்பக் கண்ணில் பட்டது. மேலே மரம் வெட்டப்பட்ட சரிவுகளுக்குக் கீழே சேதம் அதிகமாக இருந்தது. ஊர்ப் பெரியவர்களும் அதையேதான் சொன்னார்கள்.

இது எப்படி நடக்கிறது? மரத்தின் இலையும் தரையில் கிடக்கும் சருகும் மழையின் வேகத்தைத் தாங்கிக்கொள்கின்றன. தண்ணீர் மெதுவாக மண்ணுக்குள் இறங்குகிறது. வேர்கள் மண்ணைப் பிடித்துவைக்கின்றன. மரத்தை வெட்டி, அதைச் சரிவில் உருட்டிக் கீழே தள்ளும்போது, மரம் மட்டும் போவதில்லை. மேல்மண் கிழிந்து, மழை வந்தால் சேறாக ஆற்றுக்குப் போகிறது. ஆற்றின் படுகை மேடாகிறது, அடுத்த வெள்ளம் இன்னும் எளிதாகக் கரையைத் தாண்டுகிறது.

ஒன்றை நேர்மையாகச் சொல்லணும். இமயமலை வயதில் இளைய மலை, தானாகவே சரியக்கூடியது. கொட்டித் தீர்க்கும் பெருமழையில் வரும் மிகப்பெரிய வெள்ளங்களைக் காடு மட்டும் தடுத்துவிடாது என்று பின்னாளில் ஆய்வாளர்கள் சுட்டிக்காட்டியிருக்கிறார்கள். ஆனால் மண் அரிப்பும் சின்னச் சின்னச் சரிவுகளும் மரம் போன இடத்தில் அதிகமாகும் என்பதில் பெரிய சந்தேகம் இல்லை. ஒரு குடும்பத்தின் வயலை அழிக்க அந்தச் சின்னச் சரிவே போதும்.

இதைத் தவிர தினசரிச் செலவு ஒன்று இருக்கிறது. அது செய்தியில் வராது. பக்கத்துக் காடு போனால், விறகுக்கும் தழைக்கும் இன்னும் தூரம் நடக்கணும், முதுகில் சுமையோடு இன்னும் செங்குத்தாக ஏறி இறங்கணும். அந்தக் கூடுதல் நேரத்தை வீட்டில் யார் கொடுப்பார்கள்? பெண்களும் சிறுமிகளும்தான். எந்த ஏலப் பதிவேட்டிலும் இந்த மணிக்கணக்கு ஏறியதில்லை.

ராக்கெட்டுக்கு உண்டு, ஏருக்கு இல்லை

கோபம் முதலில் வெடித்தது ரேணியில் கிடையாது, கோபேஷ்வருக்குப் பக்கத்தில் உள்ள மண்டல் கிராமத்தில். விவசாயக் கருவிகள் செய்வதற்காகச் சில ஆஷ் மரங்களைக் கேட்டது பட்டின் சங்கம். எடை குறைவு, உறுதி அதிகம் என்பதால் நுகத்தடி செய்ய மலை மக்கள் காலங்காலமாகப் பயன்படுத்திய மரம் அது. வனத்துறை மறுத்துவிட்டது. அதே காட்டில் 300 ஆஷ் மரங்களை அலகாபாத்தைச் சேர்ந்த சைமண்ட்ஸ் என்ற விளையாட்டுப் பொருள் நிறுவனத்துக்கு ஒதுக்கியது. டென்னிஸ் ராக்கெட் செய்ய மரம் உண்டு, ஏர் பூட்ட மரம் இல்லை.

மரத்தை வெட்ட வந்தால் கட்டிப்பிடித்துத் தடுப்பது என்று கூட்டம் போட்டு முடிவெடுத்தார்கள். ‘சிப்கோ’ என்றால் இந்தியில் ஒட்டிக்கொள் என்று பொருள். 1973 ஏப்ரல் 24 அன்று மேளதாளத்தோடு மண்டல் காட்டுக்குள் மக்கள் திரள, நிறுவனத்தின் ஆட்கள் திரும்பிப் போனார்கள். பிறகு கேதார்நாத் பக்கத்தில் பாட்டா–ராம்பூர் காட்டில் அதே நிறுவனத்துக்கு மரம் ஒதுக்கினார்கள். அங்கும் எதிர்ப்பு.

அதற்கு அடுத்ததுதான் ரேணி.

ஏலத்தில் 2,451 மரங்கள்

1974 ஜனவரியில் டேராடூனில் ரேணி காட்டின் 2,451 மரங்கள் ஏலம் போயின. தேவதாரு, ஃபிர் மாதிரியான ஊசியிலை மரங்கள் நிறைந்த காடு. ரிஷிகங்காவும் தௌலிகங்காவும் சேரும் இடத்துக்கு நேர் மேலே இருந்தது அது. 1970 வெள்ளத்தைப் பார்த்தவர்களுக்கு அந்தச் சரிவில் மரம் போனால் என்ன நடக்கும் என்று தனியாகச் சொல்லத் தேவையில்லை.

சண்டி பிரசாத் பட்டும், அந்தப் பகுதியின் கம்யூனிஸ்ட் தலைவர் கோவிந்த் சிங் ராவத்தும் ஊர் ஊராகப் போய்ப் பேசினார்கள். அந்தக் கூட்டங்களில் கௌரா தேவியும் இருந்தார். அப்போது அவருக்கு 49 வயது. ரேணியின் மகிளா மங்கள் தள் என்ற பெண்கள் குழுவுக்குத் தலைவி. ஊர்ச் சுத்தம், காட்டைப் பார்த்துக்கொள்வது மாதிரியான பொது வேலைகள் அந்தக் குழுவின் பொறுப்பு. போராட்டத்தில் பெண்களுக்குத் தனியாக ஒரு பங்கு இருக்கும் என்று அப்போது யாரும் திட்டம் போடவில்லை. ஊர் ஆண்கள் இருக்கிறார்கள், சங்கத்துக்காரர்கள் இருக்கிறார்கள், பார்த்துக்கொள்வார்கள் என்பதே எண்ணம்.

1974 மார்ச் 26: என்ன நடந்தது?

அன்று ஊரில் ஆண்கள் யாரும் இல்லை. 1962-க்குப் பிறகு ராணுவத்துக்காக எடுத்துக்கொண்ட நிலங்களுக்கு இழப்பீடு தருவதாக அறிவிப்பு வந்திருந்தது. ஆண்டுக்கணக்கில் இழுத்தடித்த பணம். அதை வாங்க எல்லோரும் சமோலிக்குக் கிளம்பிப் போயிருந்தார்கள். பட், வனத்துறை அதிகாரியின் வருகையால் கோபேஷ்வரில் இருக்க வேண்டியிருந்தது. அதே நாளில் ஒப்பந்தக்காரரின் ஆட்களை ஏற்றிக்கொண்டு ஒரு பேருந்து ஜோஷிமட்டிலிருந்து கிளம்பியது. ரேணிக்கு முன்னாலேயே இறங்கி, சத்தம் இல்லாமல் காட்டுக்குள் ஏறிவிட்டார்கள். எல்லாம் ஒரே நாளில் அமைந்தது தற்செயல் என்று ஊரில் யாரும் நம்பவில்லை.

ஒரு சிறுமி பார்த்துவிட்டாள். ஓடிவந்து கௌரா தேவியிடம் சொன்னாள்.

யாரைக் கேட்பது? ஆண்கள் வர நாளாகும். அதற்குள் பாதிக் காடு தரையில் கிடக்கும். வீட்டு வேலையைப் போட்டது போட்டபடி விட்டுவிட்டு, கையில் கிடைத்தவர்களைச் சேர்த்துக்கொண்டு கிளம்பினார் கௌரா தேவி. பெண்களும் சிறுமிகளுமாக 27 பேர் என்பது பொதுவாகச் சொல்லப்படும் கணக்கு.

மேலே போனபோது தொழிலாளர்கள் சமைத்துக்கொண்டிருந்தார்கள். கௌரா தேவி அவர்களிடம் சண்டைக்குப் போகவில்லை. அண்ணன் தம்பிகளிடம் பேசுவதுபோலப் பேசினார். இந்தக் காடு தங்களுக்குத் தாய்வீடு மாதிரி, இதை வெட்டினால் மலை தங்கள் வீட்டின்மேல் வந்து விழும், சாப்பிட்டுவிட்டுக் கீழே வாருங்கள், ஊர் ஆண்கள் வந்ததும் பேசி முடிவு செய்யலாம் என்பதே அவருடைய பேச்சின் சாரம். தொழிலாளர்களில் பலர் தயங்கினார்கள். அவர்களும் எங்கோ ஒரு மலைக் கிராமத்திலிருந்து கூலிக்கு வந்தவர்கள்தானே.

ஒப்பந்தக்காரரின் ஆட்களும் வனத்துறை ஊழியர்களும் விடவில்லை. திட்டினார்கள், மிரட்டினார்கள். குடித்திருந்த ஒருவர் துப்பாக்கியை நீட்டினார். கௌரா தேவி அதற்கு முன்னால் போய் நின்றார், தன்னைச் சுட்டுவிட்டுப் பிறகு மரத்தை வெட்டிக்கொள்ளச் சொன்னார். மற்ற பெண்களும் பின்வாங்கவில்லை.

கடைசியில் தொழிலாளர்கள் கீழே இறங்கினார்கள். காட்டுக்குப் போகும் வழியில், சரிவு விழுந்த ஓர் இடத்தைக் கடக்க சிமென்ட் பலகை போட்டிருந்தார்கள். பெண்கள் அதைப் பெயர்த்துத் தள்ளினார்கள். இனி ஏறணும் என்றாலும் வழி இல்லை. பிறகு அந்தக் குளிரில் இரவு முழுக்க அங்கேயே காவல் இருந்தார்கள்.

மரத்தைக் கட்டிப்பிடிக்கும் படம்தான் உலகம் முழுக்கப் போனது. ரேணியில் அன்று காட்டைக் காப்பாற்றியது பெரும்பாலும் பேச்சும் மறியலும் ராக்காவலும்தான்.

மறுநாள் ஆண்கள் வந்தார்கள். பட்டும் ராவத்தும் வந்தார்கள். துப்பாக்கி நீட்டிய ஆள்மேல் புகார் கொடுக்க வேண்டாம், அவருடைய வேலை போய்விடும் என்று கௌரா தேவி தடுத்ததாகச் சொல்வார்கள். அவருக்குக் கணக்குத் தெளிவாக இருந்தது. சம்பளத்துக்கு வந்தவரோ கூலிக்கு வந்தவரோ அவருடைய எதிரி கிடையாது. ஏலம் போட்ட முறைதான் பிரச்சினை.

அப்புறம் என்ன ஆனது?

செய்தி லக்னோவுக்குப் போனது. அப்போது அந்தப் பகுதி உத்தரப் பிரதேசத்தின் பகுதி. முதல்வர் ஹேமவதி நந்தன் பகுகுணா, டெல்லிப் பல்கலைக்கழகத் தாவரவியலாளர் வீரேந்திர குமார் தலைமையில் ஒரு குழு அமைத்தார். இரண்டு ஆண்டுகள் ஆய்வு செய்த குழு, ரேணி பெண்கள் சொன்னதை ஒப்புக்கொண்டது: அலக்நந்தாவின் மேல் நீர்ப்பிடிப்புப் பகுதி ரொம்பப் பலவீனமானது, அங்கே மரம் வெட்டுவது ஆபத்து. 1976-ல் சுமார் 1,200 சதுர கிலோமீட்டர் பரப்பில் 10 ஆண்டுகளுக்கு வணிக மரவெட்டு தடை செய்யப்பட்டது.

தனியார் ஒப்பந்தக்காரர்களின் இடத்தில் அரசு வனக் கழகம் வந்தது. 1980-ல் மத்திய அரசின் வனப் பாதுகாப்புச் சட்டம் வந்தது. 1980-களின் தொடக்கத்தில், சுந்தர்லால் பகுகுணாவின் தொடர் வலியுறுத்தலுக்குப் பிறகு, உத்தரப் பிரதேச இமயமலையில் 1,000 மீட்டர் உயரத்துக்கு மேல் பச்சை மரம் வெட்ட 15 ஆண்டுத் தடை வந்தது. 1983-ல் நமக்குப் பக்கத்தில், கர்நாடகாவின் சிர்சி பகுதியில் ‘அப்பிக்கோ’ என்ற பெயரில் இதே பாணிப் போராட்டம் தொடங்கியது.

விருதுகளும் வந்தன. சண்டி பிரசாத் பட்டுக்கு 1982-ல் மக்சேசே விருது. 1987-ல் சிப்கோ இயக்கத்துக்கு ‘ரைட் லைவ்லிஹுட்’ விருது. கௌரா தேவியைச் சில மேடைகளுக்கு அழைத்தார்கள், பாராட்டினார்கள். அவர் ரேணிக்கே திரும்பிப் போனார். அதே வீடு, அதே வேலை. 1991 ஜூலையில், 66 வயதில் இறந்தார்.

கதை இங்கே முடிந்திருந்தால் நல்ல பாடப் புத்தகக் கதை.

மரம் பிழைத்தது, ஊர்?

ரேணிக்கும் லாதாவுக்கும் மேலே நந்தா தேவி சிகரம் இருக்கிறது. 1982-ல் அந்தப் பகுதி தேசியப் பூங்கா ஆனது. மலையேறிகளுக்கும் தடை, ஆடுமேய்ப்பவர்களுக்கும் தடை. 1988-ல் உயிர்க்கோளக் காப்பகம், அதே ஆண்டில் யுனெஸ்கோ உலகப் பாரம்பரியச் சின்னம். கேட்க நல்லாதான் இருக்கு. ஊர்க்காரர்கள் பக்கத்திலிருந்து பாருங்க. கோடைக்கால மேய்ச்சல் நிலம் போனது. மூலிகை எடுக்கப் போக முடியாது. மலையேறும் குழுக்களுக்குச் சுமை தூக்கியும் வழிகாட்டியும் கிடைத்த வருமானமும் நின்றது.

காட்டைக் காப்பாற்றியவர்களே காட்டுக்குள் அத்துமீறி நுழைபவர்கள் ஆனார்கள். 1998-ல் லாதா மக்கள் ‘ஜப்டோ சீனோ’ என்ற பெயரில் பூங்காவுக்குள் நுழைந்து போராடினார்கள். ‘பாய்ந்து பறி’ என்பதுபோல அர்த்தம். கட்டிப்பிடி என்று தொடங்கிய பள்ளத்தாக்கு, கால் நூற்றாண்டில் பிடுங்கிக்கொள் என்ற இடத்துக்கு வந்தது.

சிப்கோ கேட்டது என்ன? காட்டைத் தொடாதே என்பது அதில் ஒரு பாதிதான். காட்டை என்ன செய்வது என்று முடிவெடுக்கும்போது அங்கே வாழ்கிறவர்களையும் கேள் என்பது இன்னொரு பாதி. மண்டல் கிராமத்தில் கேட்டது ஏர் செய்யச் சில மரங்கள், உள்ளூரில் சிறுதொழில், நியாயமான கூலி. அரசு முதல் பாதியை எடுத்துக்கொண்டது, இரண்டாவதை விட்டுவிட்டது. முன்பு டேராடூனில் ஏலம் போட்டு முடிவு செய்தார்கள், பிறகு தலைநகரங்களில் அரசாணை போட்டு முடிவு செய்தார்கள். இரண்டிலும் ரேணிக்கு நாற்காலி இல்லை.

2021: மீண்டும் ரேணி

மரத்துக்குத் தடை வந்த பிறகு பள்ளத்தாக்கில் வேறொரு சரக்குக்கு விலை வந்தது: ஓடும் தண்ணீர். ரேணிக்குப் பக்கத்திலேயே ரிஷிகங்காவில் 13.2 மெகாவாட் நீர்மின் நிலையம் கட்டப்பட்டது. வெடிவைத்துப் பாறை உடைக்கிறார்கள், மலை அதிர்கிறது என்று ஊர்க்காரர்கள் 2019-ல் உயர் நீதிமன்றம் வரை போனார்கள்.

2021 பிப்ரவரி 7 காலை, ரோண்டி சிகரத்தின் சரிவிலிருந்து ஒரு பெரும் பாறையும் பனியும் பெயர்ந்து விழுந்தன. சேறும் கல்லும் தண்ணீருமாக ரிஷிகங்காவில் இறங்கிய அந்தச் சுவர், ரேணியின் மின்நிலையத்தைத் துடைத்துப்போட்டது. கீழே தபோவனில் கட்டிக்கொண்டிருந்த இன்னொரு அணையையும் தாக்கியது. இறந்தவர்களும் காணாமல் போனவர்களும் 200-க்கு மேல். பெரும்பாலானவர்கள் வெளியூரிலிருந்து கூலிக்கு வந்த தொழிலாளர்கள்.

இதை மரவெட்டோடு நேரடியாக முடிச்சுப்போட முடியாது. பாறை பெயர்ந்தது மரமே வளராத உயரத்தில். ஆனால் அவ்வளவு ஆபத்தான ஆற்றின் வழியில் அணையையும் மனிதர்களையும் கொண்டுபோய் வைத்தது மனிதர்களின் முடிவு.

அதே ஆண்டு ஜூனில், மழையில் ஊருக்குக் கீழே மண் அரித்துப்போய், ரேணியின் வீடுகளில் விரிசல் விழுந்தது. எல்லைச் சாலையின் ஒரு பகுதி சரிந்தது. சாலையைத் திரும்பப் போட இடம் வேண்டும் என்பதற்காக, ஊரில் இருந்த கௌரா தேவியின் நினைவுச் சிலையைப் பெயர்த்து ஜோஷிமட்டுக்குக் கொண்டுபோனார்கள். அதைப் பார்த்து ஊர்ப் பெண்கள் அழுதார்கள்.

நமக்கு இதில் என்ன இருக்கு?

ஒரு கட்டிலோ கதவோ வாங்கும்போது பில்லில் மரத்தின் விலை இருக்கும், அறுப்புக் கூலி இருக்கும், லாரி வாடகை இருக்கும், வரி இருக்கும். கரைந்துபோன மண்ணின் விலை இருக்காது. விறகுக்குக் கூடுதலாக நடந்த பெண்ணின் நேரம் இருக்காது. அடுத்த மழையில் போகப்போகும் வயலும் இருக்காது. அந்தச் செலவு இல்லாமல் போய்விடவில்லை. பில்லில் பெயர் இல்லாத யாரோ கட்டுகிறார்கள்.

மரத்தைப் பயன்படுத்தவே கூடாது என்று கௌரா தேவியின் வாழ்க்கை சொல்லவில்லை. அவரே தினமும் காட்டிலிருந்துதான் அடுப்பெரித்தார். வெட்டுவதோ காப்பதோ அணை கட்டுவதோ, எதுவானாலும் விளைவைத் தாங்கப்போகிறவர்களைக் கேட்டுவிட்டுச் செய்தார்களா என்பதுதான் ரேணி கேட்ட கேள்வி. மலையிலோ கடற்கரையிலோ உங்கள் ஊர் ஏரிக்கரையிலோ ஒரு புதிய திட்டம் வரும்போது, எத்தனை கோடி முதலீடு என்று தலைப்புச் செய்தி சொல்லும். மீதிச் செலவை யார் கட்டப்போகிறார்கள், அவர்களிடம் யாராவது கேட்டார்களா என்பதை நாம்தான் தேடிப் படிக்கணும்.